கடல் எப்படி இருந்தது என்று அத்தை கேட்டார்

கேள்வி:

அன்புள்ள மேடம், எனக்கு 46 வயது. திருவான்மியூரில் வீடு. ஒரு இன்சூரன்ஸ் கம்பெனியில் மருத்துவக் கிளெய்ம் பிரிவில் வேலை செய்கிறேன். கணவருக்கு ஓசூரில் வேலை. சனி, ஞாயிறு வருவார். மகன் கோவையில் ஹாஸ்டலில் தங்கி இன்ஜினியரிங் படிக்கிறான். வீட்டில் நானும் என் மாமியாரும் மட்டும்தான். அத்தைக்கு 79 வயது, சர்க்கரை உண்டு.

போன வருடம் தூக்கம் கெட்டு, படபடப்பு வந்து டாக்டரிடம் போனேன். தைராய்டு உட்பட டெஸ்ட் எல்லாம் சரியாக இருந்தது. "காலையில் வெளிக்காற்றில் நடங்கள், மனசு லேசாகும்" என்றார். எட்டு மாதமாக ஒரு நாள் விடாமல் கடற்கரைக்குப் போகிறேன். ஆனால் திரும்பி வரும்போது, போனபோது இருந்ததைவிட அதிகக் களைப்புதான். போன் கையிலேயே இருக்கும்: அத்தைக்குச் சர்க்கரை இறங்கிக் கூப்பிடுவாரோ என்ற பயம், பத்தாயிரம் அடி ஆச்சா என்ற கணக்கு, சூரிய உதயத்தை ஸ்டேட்டஸில் போடுவது. ஒரு நாள் எண்ணிப் பார்த்தேன், 50 நிமிடத்தில் 31 முறை பார்த்திருக்கிறேன். இன்று தொடவே கூடாது என்று வைராக்கியமாகக் கிளம்புவேன்; ஐந்து நிமிடம்கூடத் தாங்காது.

முழங்கால் வலியால் அத்தை இப்போது கடற்கரைக்கு வருவதில்லை. தினமும் நான் உள்ளே நுழைந்ததும், "கடல் எப்படிம்மா இருந்துச்சு இன்னிக்கு?" என்று கேட்பார். போன வாரம் பதில் சொல்ல வாயெடுத்தேன், ஒன்றுமே நினைவுக்கு வரவில்லை. எடுத்த வீடியோவைக் காட்டினேன். கண்ணைச் சுருக்கிப் பார்த்துவிட்டு, "சரியாத் தெரியலம்மா" என்று போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அன்று முழுக்க எனக்கு மனசு சரியில்லை. எனக்கு மன உறுதி இல்லையா? இல்லை, இது ஏதாவது நோயா?

பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திருவான்மியூர்

பதில்:

அன்புச் சகோதரிக்கு,

கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். மன உறுதி இல்லாதவர் எட்டு மாதம் ஒரு நாள் விடாமல் விடியற்காலையில் எழுந்து கடற்கரைக்குப் போக மாட்டார். நீங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால் நோயாகவும் தோன்றவில்லை. கடிதத்தை இரண்டு மூன்று முறை படித்ததில் எனக்குப் புரிந்தது இதுதான்: நீங்கள் கடற்கரைக்குப் போகிறீர்கள், ஆனால் டியூட்டியிலிருந்து இறங்காமலே போகிறீர்கள்.

உங்கள் துறையில் இருப்பவர்கள் சிலர் என்னிடம் ஆலோசனைக்கு வந்திருக்கிறார்கள், அதனால் வேலையின் நெருக்கடி கொஞ்சம் தெரியும். 2024 மே மாதம் காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமான ஐ.ஆர்.டி.ஏ.ஐ. வெளியிட்ட சுற்றறிக்கைப்படி, கேஷ்லெஸ் சிகிச்சைக்கு வரும் விண்ணப்பத்துக்கு ஒரு மணி நேரத்துக்குள் முடிவு சொல்ல வேண்டும். டிஸ்சார்ஜ் சமயத்தில் இறுதி ஒப்புதலை மூன்று மணி நேரத்துக்குள் தர வேண்டும். நோயாளியின் குடும்பத்துக்கு இது பெரிய நிம்மதி. ஆனால் அந்தப் பக்கம் உட்கார்ந்து பில்லையும் டிஸ்சார்ஜ் சம்மரியையும் வரிவரியாகப் படிக்கிறவருக்குக் கடிகாரம் தலைக்கு மேலேயே ஓடிக்கொண்டிருக்கும். சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் அத்தையின் மாத்திரை, ஊசி, சாப்பாடு. காலை ஐந்தே முக்காலிலிருந்து இரவு பத்து மணிவரை உங்கள் மனம் யாரோ ஒருவருக்குப் பதில் சொல்லத் தயாராக நின்றுகொண்டே இருக்கிறது.

இப்படி மனதை ஒரு விஷயத்தில் பிடித்து நிறுத்தி, மற்றதையெல்லாம் தள்ளிவிட்டுச் செலுத்தும் கவனம் ஒரு வகை. நாம் எதுவும் முயலாமலே தானாகப் போகும் கவனம் இன்னொரு வகை. உளவியல் ஒரு துறையாக வளரத் தொடங்கிய காலத்திலேயே, 1890ல், அமெரிக்க உளவியலாளர் வில்லியம் ஜேம்ஸ் இந்த இரண்டையும் பிரித்துச் சொல்லிவிட்டார். மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் இருந்த ரேச்சல் கப்லான், ஸ்டீபன் கப்லான் தம்பதியர் 1980களில் இதை வைத்து ஒரு கேள்வி கேட்டார்கள்: முயன்று செலுத்தும் கவனம் களைத்துப்போனால் அது எங்கே ஓய்வெடுக்கும்? தூக்கம் ஒரு வழி. இன்னொரு வழி, அதற்கு வேலையே இல்லாத ஓர் இடத்தில் கொஞ்ச நேரம் இருப்பது. இலை அசைவது, மேகம் நகர்வது, அலை வந்து திரும்புவது, இவையெல்லாம் கண்ணைத் தொடும். ஆனால் கையைப் பிடித்து இழுக்காது. பார்த்துக்கொண்டே வேறு எதையாவது நினைக்கவும் இடம் விடும். அந்த நேரத்தில்தான் உழைத்த கவனம் உட்கார்ந்து மூச்சு வாங்குகிறது.

ரீல்ஸும் முயலாமலேதானே பார்க்கிறோம், அதுவும் ஓய்வுதானே என்று நிறையப் பேர் என்னிடம் கேட்பார்கள். முயலாமல் பார்க்கிறோம் என்பது சரிதான். ஆனால் அது கண்ணையும் காதையும் முழுசாக எடுத்துக்கொள்கிறது. பதினைந்து நொடிக்கு ஒரு புது முகம், புதுக் குரல், புதுச் சண்டை. பிடித்திருக்கிறதா, அடுத்ததற்குப் போகலாமா, யாருக்காவது அனுப்பலாமா என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு சின்ன முடிவு வேறு எடுக்க வேண்டும். முடிவெடுக்கும் வேலைதான் உங்களுக்கு ஆபீஸிலேயே நாள் முழுக்க இருக்கிறதே.

இதைச் சோதித்தும் பார்த்திருக்கிறார்கள். 2008ல் வெளியான ஓர் ஆய்வில் அமெரிக்காவின் ஆன் ஆர்பர் நகரில் சிலரை மரங்கள் நிறைந்த பூங்காவில் ஒரு நாளும், கடைத்தெருவில் ஒரு நாளும் நடக்கவிட்டார்கள். ஏறக்குறைய உங்கள் நடைநேரம்தான், 50 நிமிடத்துக்குக் கொஞ்சம் மேலே. நடந்து வந்ததும் சில எண்களைச் சொல்லி, அவற்றைத் தலைகீழாகத் திருப்பிச் சொல்லச் சொன்னார்கள். பூங்காவில் நடந்த நாளில் நன்றாகச் சொன்னார்கள். கடைத்தெருவில் நடந்த நாளில் அந்த முன்னேற்றம் இல்லை. எனக்கு இதில் பிடித்த விஷயம் வேறொன்று. சிலர் கடும் குளிரில், ஜனவரியில் நடந்தார்கள். அவர்களுக்கு அந்த நடை பிடிக்கவே இல்லை. ஆனாலும் பலன் கிடைத்தது. அதனால், 'எனக்குக் கடற்கரையில் சந்தோஷமே வரவில்லையே' என்று நீங்கள் கவலைப்பட வேண்டாம். சந்தோஷம் வந்தால்தான் மனம் ஓய்வெடுக்கும் என்று இல்லை.

சரி, அப்படியென்றால் எட்டு மாதம் நடந்தும் உங்களுக்கு ஏன் அந்தப் பலன் வரவில்லை? 2019ல் அச்சான இன்னோர் ஆய்வு இதற்கு நேராகவே பதில் சொல்கிறது. இல்லினாய் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர்களும் சேர்ந்து செய்தது. கவனத்தைக் களைக்க வைக்கும் வேலையைக் கொடுத்துவிட்டு, பங்கேற்றவர்களுக்கு 15 நிமிட இடைவேளை விட்டார்கள். சிலர் மரம் செடி உள்ள இடத்தில் இருந்தார்கள், சிலர் பசுமையே இல்லாத இடத்தில். இரண்டு இடத்திலும் பாதிப் பேர் கையில் லேப்டாப், பாதிப் பேருக்கு எதுவும் இல்லை. முடிவில், பசுமையான இடத்தில் வெறுங்கையோடு இருந்தவர்களுக்குத்தான் கவனம் நன்றாக மீண்டிருந்தது. மரத்தடியில் உட்கார்ந்து திரையைப் பார்த்தவர்களுக்கு அந்த மரத்தால் பெரிதாக ஒன்றும் கிடைக்கவில்லை. ஆற்றிலே ஒரு கால், சேற்றிலே ஒரு கால் என்று சொல்வோமே, அந்தக் கதைதான்.

அத்தை கேட்டபோது உங்களுக்கு ஏன் பதில் வரவில்லை என்பதற்கும் ஒரு சோதனை உண்டு. அமெரிக்காவில் ஒரு பல்கலைக்கழக வளாகத்தில் கோமாளி வேடம் போட்ட ஒருவரை ஒற்றைச் சக்கர சைக்கிளில் சுற்றவிட்டார்கள். அந்த வழியாக நடந்து வந்தவர்களை நிறுத்தி, கோமாளியைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். தனியாக, கையில் எதுவும் இல்லாமல் வந்தவர்களில் ஏறக்குறையப் பாதிப் பேர் பார்த்திருந்தார்கள். போனில் பேசிக்கொண்டு வந்தவர்களில் நான்கில் ஒருவர்தான். கண் திறந்துதான் இருந்தது, எதிரே கோமாளியும் இருந்தான். கண்ணில் பட்டது கருத்தில் ஏறவில்லை. பாட்டுக் கேட்டுக்கொண்டு வந்தவர்கள் கோமாளியைத் தவறவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஆகவே காதில் பாட்டு இருந்தாலே குற்றம் என்று நான் சொல்ல மாட்டேன். பேச்சும், பதில் எழுதுவதும், பதிலுக்குக் காத்திருப்பதும்தான் மனதை வேறு ஊருக்குக் கொண்டுபோகிறது.

இப்போது உங்கள் 'ஐந்து நிமிடம்கூடத் தாங்காது' என்ற வரிக்கு வருகிறேன். இதைப் பற்றித்தான் நிறையச் சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன்.

சில வருடங்களுக்கு முன் ஒரு மாசி மாத இரவு, கடலாமை நடைக்குப் போயிருந்தேன். 1988 முதல் சென்னையில் மாணவர்கள் நடத்திவருவது. நீலாங்கரைப் பக்கமிருந்து பெசன்ட் நகர்வரை மணலிலேயே நடப்பார்கள், அதாவது உங்கள் திருவான்மியூர் கடற்கரையைத் தாண்டித்தான். ஆலிவ் ரிட்லி என்று செய்திகளில் படிக்கிறோமே, அந்த ஆமைக்கு நம் பக்கத்துப் பெயர் பங்குனி ஆமை. முட்டையிட அது கரைக்கு வரும் காலம் அந்தப் பெயரிலேயே இருக்கிறது. நடை தொடங்கும் முன் எல்லோரிடமும் ஒன்றைக் கண்டிப்பாகச் சொன்னார்கள்: டார்ச் கூடாது, போன் திரையும் கூடாது. வெளிச்சம் பட்டால் கரையேற வரும் தாய் ஆமை மிரண்டு திரும்பிவிடும். குஞ்சுகளோ, பொரிந்ததும் எந்தப் பக்கம் வானம் வெளிச்சமாக இருக்கிறதோ அந்தப் பக்கம்தான் கடல் என்று நம்பி ஓடும். தெருவிளக்கைப் பார்த்து ரோட்டுப் பக்கம் போய்ச் செத்துப்போகும்.

முதல் பத்து நிமிடம் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. எங்கே கால் வைக்கிறேன் என்றே தெரியாமல் முன்னால் போகிறவர் முதுகைப் பார்த்து நடந்தேன். கொஞ்சம் கொஞ்சமாக நுரையின் வெள்ளைக் கோடு தெரிந்தது. அப்புறம் ஈர மணலும் காய்ந்த மணலும் வேறு வேறு கருப்பாகத் தெரிந்தன. அரை மணி நேரம் ஆனபோது, நிலவே இல்லாத அந்த இருட்டில் படகுகளின் விளிம்பு, சுருட்டி வைத்த வலை, மணலில் பதிந்த நாய்க் கால்தடம்கூடக் கண்ணுக்குப் பிடிபட்டது. அந்த நேரத்தில் எங்களோடு வந்த ஓர் இளைஞர் மணி பார்க்கப் போனை எடுத்தார். ஒரு நொடிதான். பக்கத்தில் இருந்த எனக்கே கண்முன் கரும்பலகை வைத்த மாதிரி ஆகிவிட்டது. கூட்டிப்போன மாணவி கோபப்படவில்லை. "அண்ணா, இனிமே கொஞ்ச நேரத்துக்கு உங்களுக்கு ஒண்ணும் தெரியாது, என் பின்னாடியே வாங்க" என்றாள். கொஞ்ச தூரம் போனதும் முன்னால் போனவர்கள் நின்றார்கள். டிராக்டர் டயர் போன தடம் மாதிரி, கடலிலிருந்து மேட்டுக்கு ஏறிய ஆமையின் தடம். எல்லோரும் குனிந்து பார்த்தார்கள். நானும் அந்த இளைஞரும் மட்டும் "எங்கே, எங்கே" என்று கேட்டுக்கொண்டிருந்தோம்.

இதில் மர்மம் எதுவும் இல்லை. விழித்திரையில் இருட்டில் பார்ப்பதற்கென்று உள்ள செல்கள் முழுசாகத் தயாராக 20, 30 நிமிடம் ஆகும். வெளிச்சம் பட்டதும் அந்தத் தயாரிப்பில் பெரும்பகுதி கலைந்துவிடும். சேர்வதற்கு அரை மணி, கலைவதற்கு ஒரு நொடி.

மனதுக்கு இப்படி இத்தனை நிமிடம் என்று கணக்குச் சொல்ல முடியாது. ஆனால் என்னிடம் வருகிறவர்கள் சொல்வதையும் நான் நடக்கும்போது பார்ப்பதையும் வைத்துச் சொல்கிறேன்: வெளியே வந்ததும் முதல் பத்து, பதினைந்து நிமிடம் மனம் அடங்கவே அடங்காது. நேற்று ஆபீஸில் ஒருவர் சொன்ன வார்த்தை, கட்ட வேண்டிய இ.எம்.ஐ., மகனுக்கு இரண்டு நாளாகப் போன் பேசவில்லையே என்பது, எல்லாம் வரிசையாக வரும். கடல் வெறும் தண்ணீராகத் தெரியும். சலிப்பாக இருக்கும். இது கண் இருட்டுக்குப் பழகும் நேரம் மாதிரி. சரியாக அந்த இடத்தில்தான் நீங்கள் போனை எடுக்கிறீர்கள். எடுத்ததும் சலிப்பு போகிறது. ஆனால் எண்ணிக்கை மறுபடி முதலிலிருந்து தொடங்குகிறது. 50 நிமிடத்தில் 31 முறை என்றால் சராசரியாக ஒன்றரை நிமிடத்துக்கு ஒரு முறை. எட்டு மாதமாக நீங்கள் அந்த முதல் பத்து நிமிடத்திலேயே திரும்பத் திரும்ப நடந்துகொண்டிருக்கிறீர்கள் சகோதரி. அதைத் தாண்டி உள்ளே போகவே இல்லை. களைப்பு வராமல் என்ன செய்யும்?

வைராக்கியம் இதற்கு உதவாது என்பது என் அபிப்பிராயம். 'பார்க்கக் கூடாது, பார்க்கக் கூடாது' என்று சொல்லிக்கொண்டே நடப்பதும் முயன்று செலுத்தும் கவனம்தான். களைத்துப்போன அதே ஆளிடம் இன்னொரு வேலையைக் கொடுக்கிறீர்கள். 2015ல் புளோரிடாவில் நடந்த ஓர் ஆய்வில், வந்த அழைப்பை எடுக்காமல் விட்டாலும்கூட, போன் ஒலித்தது தெரிந்தாலே கையிலிருந்த வேலையில் தவறுகள் கூடின. போன் பக்கத்தில் சும்மா இருந்தாலே மனத்திறன் குறைகிறது என்று 2017ல் ஓர் ஆய்வு வந்து பரபரப்பானது. பிறகு மற்றவர்கள் செய்து பார்த்தபோது எல்லோருக்கும் அதே முடிவு கிடைக்கவில்லை. எனவே அந்தப் பொருளின் மேல் நான் பழி போட மாட்டேன். யாராவது கூப்பிடுவார்களோ என்ற எதிர்பார்ப்புதான் உங்களைப் பிடித்து வைத்திருக்கிறது. அந்த எதிர்பார்ப்பைக் கடற்கரையில் நின்று கட்டுப்படுத்த முடியாது. வீட்டை விட்டுக் கிளம்பும் முன்பே தீர்த்துவிட்டுக் கிளம்ப வேண்டும்.

உங்களுக்கு வரும் அழைப்புகளில் உண்மையிலேயே எடுக்க வேண்டியது ஒன்றுதான்: அத்தையுடையது. காலையில் சர்க்கரை இறங்கிவிடுமோ என்ற பயம் நியாயமானது. அதை 'வீண் கவலை' என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். கிளம்பும் முன் சர்க்கரை பார்த்துவிடுங்கள். எந்த அளவுக்குக் கீழே இருந்தால் என்ன கொடுக்க வேண்டும், நீங்கள் வரும்வரை வெறும் வயிற்றோடு இருக்கலாமா என்பதை அவருடைய டாக்டரிடம் ஒரு முறை தெளிவாகக் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கட்டிலுக்குப் பக்கத்தில், கை எட்டும் தூரத்தில் குளுக்கோஸோ சர்க்கரையோ இருக்கட்டும். பக்கத்து வீட்டில் நம்பிக்கையானவர் இருந்தால் காலை 6 முதல் 7 வரை நான் இருக்க மாட்டேன் என்று சொல்லி வையுங்கள்.

அப்புறம் போனில் 'தொந்தரவு செய்ய வேண்டாம்' என்ற அமைப்பைப் போட்டு, அத்தை, கணவர், மகன், பக்கத்து வீடு ஆகிய எண்களுக்கு மட்டும் விலக்குக் கொடுங்கள். ஆண்ட்ராய்டு, ஐபோன் இரண்டிலும் இது இருக்கிறது. மகனிடம் சொன்னால் வீடியோ காலில் இரண்டு நிமிடத்தில் காட்டிக்கொடுத்துவிடுவான். அந்த நான்கு எண்களுக்கும் நல்ல சத்தமான ரிங்டோன் வையுங்கள். போனை ஜிப் வைத்த பையில் போட்டு மூடிவிடுங்கள். மணி அடித்தால் எடுங்கள், அடிக்காவிட்டால் எல்லாம் சரியாக இருக்கிறது என்று அர்த்தம். எடுத்துப் பார்த்து உறுதி செய்யும் வேலை உங்களுக்கு இனி இல்லை. என்னிடம் வந்த ஒருவர் இதற்காகவே ஒரு பட்டன் போன் வாங்கி, அந்த எண்ணை வீட்டுக்கு மட்டும் கொடுத்தார். அதுவும் நல்ல யோசனைதான்.

போனை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள் என்று நான் சொல்லவில்லை, கவனியுங்கள். விடியாத நேரத்தில் தனியாக நடக்கும் பெண்ணுக்குப் போன் ஒரு பாதுகாப்பு. அந்தப் பாதுகாப்பை விட்டுக்கொடுக்க வேண்டாம்.

ஆபீஸ் குரூப்பைப் பற்றி நீங்கள் எழுதவில்லை. ஆனால் 31 முறையில் அதுவும் நிச்சயம் இருக்கும் என்று ஊகிக்கிறேன். காலை ஆறே காலுக்கு நீங்கள் கடற்கரையில் நின்றபடி ஒரு கிளெய்மையும் முடிக்க முடியாது. அந்த நேரத்துக்கு ஷிஃப்டில் வேறு ஆட்கள் இருப்பார்கள். மேலதிகாரியிடம் ஒரு முறை நேராகச் சொல்லிவிடுங்கள்: "டாக்டர் சொல்லி காலையில் நடக்கிறேன், ஏழு மணிக்கு மேல் பார்த்துப் பதில் போடுகிறேன்." இதைச் சொல்லத் தயங்குவது நாம்தான், சொன்னால் பெரும்பாலும் ஒத்துக்கொள்கிறார்கள்.

அடிகளை எண்ணுவதையும் கொஞ்ச நாள் நிறுத்தி வைக்கலாம். பத்தாயிரம் அடி என்ற கணக்கு மருத்துவ ஆராய்ச்சியிலிருந்து வந்தது என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். 1965ல் ஜப்பானில் விற்பனைக்கு வந்த ஓர் அடி எண்ணும் கருவியின் பெயர் 'மன்போ-கெய்', அதாவது பத்தாயிரம் அடி மானி. அந்தப் பெயரிலிருந்து பரவியதுதான். நடப்பது நல்லது, நிறைய நடப்பது இன்னும் நல்லது. ஆனால் 9,400ல் நிற்கிறதே என்று வீட்டு வாசலில் குறுக்கும் நெடுக்கும் நடப்பது வேண்டாம்.

இங்கிலாந்தில் ஏறக்குறைய 20,000 பேரிடம் எடுத்த ஒரு கணக்கெடுப்பு 2019ல் வந்தது. வாரத்துக்கு 120 நிமிடமாவது இயற்கையோடு இருந்தவர்கள், உடல்நலமும் மனநிறைவும் நன்றாக இருப்பதாக அதிகமாகச் சொன்னார்கள். ஒரே நாளில் இருந்தாலும் பிரித்துப் பிரித்து இருந்தாலும் வித்தியாசம் இல்லை. இது காரணத்தை நிரூபிக்கவில்லை, ஒரு தொடர்பைத்தான் காட்டுகிறது. இருந்தாலும் உங்களைப் போல ஒரு நாள் விட்டாலும் குற்ற உணர்ச்சிப்படுகிறவர்களுக்கு இதைச் சொல்வேன். வாரம் நான்கு நாள் போதும். கடற்கரை எட்டாத பெரம்பூர், அண்ணாநகர் வாசகர்களும் இதைப் படிப்பார்கள். பக்கத்துப் பூங்காவோ, மொட்டைமாடியில் நான்கு தொட்டியும் ஒரு வேப்பமரக் கிளையுமோ போதும்.

போட்டோ விஷயம். 2014ல் வெளியான ஓர் ஆய்வில், அருங்காட்சியகத்தில் பொருள்களைச் சும்மா பார்த்தவர்களைவிட, படம் எடுத்தவர்களுக்கு அவை குறைவாகவே நினைவில் இருந்தன. கேமரா பார்த்துக்கொள்ளும் என்று மனம் விட்டுவிடுகிறது போலிருக்கிறது. ஆனால் ஏதாவது ஒரு பகுதியை நெருக்கமாக வைத்து எடுத்தவர்களுக்கு அந்த மறதி வரவில்லை. ஸ்டேட்டஸில் சூரிய உதயம் போடுவது உங்களுக்குப் பிடித்திருந்தால் போடுங்கள். நடையெல்லாம் முடிந்து, செருப்பை உதறும்போது ஒரே ஒரு படம் எடுங்கள். போட்டதை யார் யார் பார்த்தார்கள் என்பதை இட்லி வெந்துகொண்டிருக்கும்போது பார்த்துக்கொள்ளலாம்.

முதல் வாரம் கஷ்டமாகத்தான் இருக்கும். கை தானாகப் பைக்குப் போகும். அடிக்காத மணி அடித்த மாதிரி, அதிராத போன் இடுப்பில் அதிர்ந்த மாதிரி இருக்கும். பலருக்கும் வருவதுதான், பயப்பட வேண்டாம். கை போனது தெரிந்ததும் நின்றுவிடுங்கள். நிற்பதற்கு ஒரு சாக்கு வேண்டுமென்றால் நண்டு வளையைச் சொல்வேன். அலை எட்டாத காய்ந்த மணலில் கட்டைவிரல் நுழையும் அளவுக்கு ஓட்டைகள் இருக்கும். ஒரு பக்கம் மட்டும் விசிறி மாதிரி மணல் சிதறிக் கிடந்தால், அன்று காலையில்தான் தோண்டியிருக்கிறது என்று அர்த்தம். உங்கள் நிழல் அதன் மேல் விழாமல் நாலைந்து அடி தள்ளி நில்லுங்கள். இரண்டு நிமிடம் ஒன்றும் நடக்காது. அப்புறம் குச்சி மாதிரி இரண்டு கண்கள் மேலே வரும். மணல் நிறத்திலேயே ஒரு நண்டு, காலுக்கிடையில் ஒரு பிடி மணலை அணைத்துக்கொண்டு பக்கவாட்டில் ஏறி வந்து, சட்டென்று அதை வீசிவிட்டு உள்ளே ஓடும். நீங்கள் மூக்கைச் சொறிந்தால்கூடப் போதும், அடுத்த ஐந்து நிமிடத்துக்கு வராது. போனைப் பார்க்காமல் இருக்க நான் சொல்லும் பயிற்சிகளில் இதைவிட நல்லது எனக்குத் தெரியாது, ஏனென்றால் இதில் போனைப் பற்றி நினைக்க வேண்டிய வேலையே இல்லை.

ஒரு மாதம், ஒன்றரை மாதம் இப்படி நடந்து பாருங்கள். அதற்குப் பிறகும் தூக்கம் சரியாகவில்லை, படபடப்பு தொடர்கிறது என்றால் தள்ளிப்போடாதீர்கள். 46 வயதில் மாதவிடாய் நிற்பதற்கு முந்தைய ஹார்மோன் மாற்றங்களாலும் தூக்கம் கெடும், படபடப்பு வரும். மகப்பேறு மருத்துவரையும் ஒரு முறை பாருங்கள். மனச் சோர்வு அதிகமாகி, காலையில் எழுந்திருக்கவே பிடிக்கவில்லை என்ற நிலை வந்தால் அரசின் டெலி-மானஸ் எண் 14416 இருக்கிறது. எந்த நேரமும் கூப்பிடலாம், கட்டணம் இல்லை, தமிழில் பேசலாம்.

இனி அத்தை. அவர் உங்களிடம் வீடியோ கேட்கவில்லை. ஒரு காலத்தில் தானே போய்ப் பார்த்த கடல் இன்று எப்படி இருக்கிறது என்று, பார்த்துவிட்டு வந்த ஆளிடம் கேட்கிறார். அந்தக் கேள்வியை நாளையிலிருந்து நடைக்குக் கையோடு எடுத்துக்கொண்டு போங்கள். எல்லாவற்றையும் கவனிக்க வேண்டும் என்று இல்லை, அவருக்குச் சொல்ல ஒன்று கிடைத்தால் போதும். காற்று வடக்கிலிருந்து வரும் வாடையா, கிழக்கிலிருந்து வரும் கொண்டலா, குப்பத்துப் படகுகள் எல்லாம் போய்விட்டனவா இல்லை கரையில் நிற்கின்றனவா, தண்ணீர் கலங்கலா தெளிவா, அலை நேற்றைவிட உள்ளே வந்திருக்கிறதா. மேட்டில் அடும்பங்கொடி பூத்திருந்தால் ஒரு பூ பறித்து வந்து கையில் கொடுங்கள். மத்தியானத்துக்குள் வாடிவிடும், அதனால் வந்ததும் கொடுத்துவிடுங்கள். காபி ஆறினாலும் பரவாயில்லை, கட்டிலில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லுங்கள். அவர் திருப்பிக் கேட்பார், "நண்டு இருந்துச்சா?" என்று.